கறுப்புக் கதவு

நான் அரசுத் தொடக்கப் பள்ளியில் நாலாம் வகுப்பு எடுக்கிறேன். கொரோனாவுக்குப் பிறகு 2021 நவம்பர் 1-ஆம் தேதி பள்ளி திறந்தபோது பிள்ளைகள் முன்போல் சத்தமே போடவில்லை. எனக்கு அதுதான் பயமாக இருந்தது. சரி, வெள்ளிக்கிழமை கடைசிப் பீரியடில் பாடம் வேண்டாம் என்று தாளும் கிரேயானும் கொடுத்துத் தரையில் உட்கார வைத்தேன்.

ஒரு பையன் வாராவாரம் ஒரே வீட்டைத்தான் வரைவான். ஓட்டுக்கூரை, ஒரு ஜன்னல், வாசற்கதவு. கதவை மட்டும் கறுப்புக் கிரேயானால் தாள் வழவழவென்று ஆகும்வரை தேய்ப்பான். மூன்றாவது வாரம் நான், “கதவுக்கு பிரவுன் அடிடா கண்ணா, அழகா இருக்கும்” என்று சொல்லிவிட்டேன். அதற்கப்புறம் இரண்டு வாரம் அவன் கிரேயான் பெட்டியைத் தொடவே இல்லை.

மனசு கேட்காமல், பிள்ளைகளோடு வேலை செய்யும் ஓர் ஆலோசகரிடம் போய்க் கேட்டேன். திருத்தாதீர்கள், மார்க் போடாதீர்கள், கறுப்பு என்றால் சோகம் என்று நீங்களே அர்த்தம் பண்ணாதீர்கள் என்றார். “இந்தப் படத்தைப் பத்திச் சொல்றியா” என்று கேட்கலாம். சொல்லாவிட்டால் விட்டுவிட வேண்டும். கலைவழிச் சிகிச்சை தருவதற்கு அதைப் படித்தவர்கள் வேண்டும், ஆசிரியரால் ஆவது இவ்வளவுதான் என்பதையும் தெளிவாகச் சொன்னார்.

டிசம்பரில் ஒருநாள் அவனாகவே தாளை என் மடியில் வைத்தான். “அப்பாவை ஆம்புலன்ஸ்ல ஏத்துறப்ப எங்களை உள்ள விட்டுக் கதவைச் சாத்திட்டாங்க டீச்சர். நான் பாக்கவே இல்ல.” மே மாதம் நடந்தது. அப்பா திரும்பி வரவில்லை.

அவன் அம்மாவிடமும் தலைமையாசிரியரிடமும் மட்டும் பேசினேன். ஆலோசகர் அதன்பின் அவனைத் தனியாகப் பார்க்க ஆரம்பித்தார். அந்தப் படத்தைச் சுவரில் ஒட்டவில்லை, அது அவனுடையது. யாரைக் கேட்பது என்று தெரியாத தமிழ்நாட்டு ஆசிரியர்கள் பள்ளிக் கல்வித் துறையின் உதவி எண் 14417-க்கோ குழந்தைகள் உதவி எண் 1098-க்கோ கூப்பிடுங்கள், தயங்க வேண்டாம்.

ஜனவரியில் மறுபடி பள்ளி மூடி, பிப்ரவரியில் திறந்தார்கள். அந்த வாரமும் அதே வீடு, அதே கறுப்பு. ஆனால் கதவில் மஞ்சளாக ஒரு தாழ்ப்பாள் இருந்தது. நான் எதுவும் கேட்கவில்லை.

•

டீச்சர், நீங்கள் எழுதிய கறுப்புக் கதவை வாசித்தேன். நான் மட்டக்களப்பு. இங்கே 1996-இல் வண்ணத்துப்பூச்சி சமாதானப் பூங்கா தொடங்கினார்கள். சண்டைக் காலம் அது. தமிழ்ப் பிள்ளைகளும் முஸ்லிம் பிள்ளைகளுமாகச் சேர்ந்து போவோம். படம், களிமண், நாடகம், கதை எல்லாம் இருந்தது. அங்கே ஒருத்தரும் எங்களிடம் “என்ன நடந்தது” என்று கேட்கவில்லை. எனக்கு அதுவே பெரிய ஆறுதல்.

எனக்குப் படம் வராது. வெள்ளைத் தாளைக் கண்டாலே கை ஓடாது. களிமண்ணில் வள்ளம் (தோணி) செய்வேன், குத்தி நசுக்குவேன், திரும்பவும் செய்வேன். ஒரு நாளைக்கு ஆறேழு தரம். அக்காமார் பக்கத்தில் இருந்து தங்கள் பாட்டுக்குத் தாங்களும் எதையாவது பிசைந்துகொண்டிருப்பார்கள். கன நாளைக்குப் பிறகு ஒரு வள்ளத்தை நசுக்காமல் காய விட்டேன்.

உங்கள் வகுப்பிலும் வரையாத பிள்ளை இருந்தால் மண்ணைக் கொடுத்துப் பாருங்கள், டீச்சர். இப்போது நானும் படிப்பிக்கிறேன். வகுப்பின் பின்மூலையில் ஒரு வாளி களிமண், ஈரச்சாக்கால் மூடியபடி, எப்போதும் இருக்கும்.