அவசரம்: போப்பாய் – சிந்துபாத் படம் இழுத்து இழுத்து ஓடுகிறது

ரீல்பெட்டி: போப்பாய் சிந்துபாத்தைச் சந்திக்கும் 1936ஆம் ஆண்டு கார்ட்டூன். குரலெல்லாம் கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல இழுக்கிறது. படமும் சிவப்பாகத் தெரிகிறது. நாளை மாலை பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும். யாராவது வழி சொல்லுங்கள்.

மழைக்காகம்: கணினிக் கோப்பா, குறுந்தகடா, சுருளா? எதில் ஓட்டுகிறீர்கள்?

பட்டாணி: போப்பாய் எப்போதும் முணுமுணுக்கத்தான் செய்வார். பழுது ஒன்றும் இருக்காது.

ரீல்பெட்டி: போப்பாயின் காதலி ஆலிவ் கூட ஆண்குரலில் பேசுகிறாள் ஐயா! 16 மி.மீ. சுருள். சொல்ல மறந்துவிட்டேன்.

வால்வு வானொலி: புரொஜெக்டர் அமெரிக்காவில் வாங்கியதா? அங்கே மின்சாரம் 60 ஹெர்ட்ஸ், இங்கே 50. சில மோட்டார்கள் அதற்கேற்ப வேகம் குறைந்துவிடும். எந்தப் பழுதானாலும் நான் முதலில் சந்தேகப்படுவது மின்சாரத்தைத்தான்.

மழைக்காகம்: சுருளில் வினிகர் வாடை அடிக்கிறதா? அடித்தால் சுருள் சிதையத் தொடங்கிவிட்டது, ஓட்டாதீர்கள். சிவப்புக்கு மருந்தில்லை, மற்றச் சாயங்கள் வெளிறிவிட்டன.

பட்டாணி: இதற்கு இத்தனை பாடு எதற்கு? அந்த ஆண்டு ஆஸ்கர் டிஸ்னி படத்துக்குத்தானே போனது.

சுழல்மேசை: ஆஸ்கரை வைத்தா அளப்பீர்கள்? சிந்துபாத்தின் குகையை ஒருமுறை பாருங்கள். இதை எடுத்த ஃப்ளெய்ஷர் ஸ்டூடியோவில் சுழலும் மேசைமேல் நிஜ மாதிரி செட் கட்டி, அதற்கு முன்னால் ஓவியத்தை நிறுத்திப் படமெடுத்தார்கள். அந்த ஆழம் தூரிகையில் வராது.

பட்டாணி: செட் இருக்கட்டும். ஆயிரத்தொரு இரவுகள் கதையில் ராக் என்ற ராட்சதப் பறவையின் காலில் தன்னைக் கட்டிக்கொண்டு தப்பியவர் சிந்துபாத். இங்கே போப்பாயின் எதிரி ப்ளூட்டோவை அந்த வேடத்தில் போட்டு, அதே பறவையை ஏவி ஆலிவைத் தூக்கிவரச் செய்கிறார்கள். நியாயமா?

சுழல்மேசை: சிரிப்பே அதில்தான் இருக்கிறது.

பழைய சுருள்: இத்தனை பேர் பேசியும் கேட்கவேண்டியதை ஒருவரும் கேட்கவில்லை. தம்பி, படம் முழுதாக எத்தனை நிமிடம் ஓடுகிறது?

ரீல்பெட்டி: 22 நிமிடம் இருக்கும்.

பழைய சுருள்: படத்தின் நீளம் 16 நிமிடத்துக்குச் சற்று மேல். பேசும்படம் நொடிக்கு 24 சட்டங்கள் (ஃபிரேம்கள்) ஓட வேண்டும். 18 ஓடினால் நேரம் மூன்றில் ஒரு பங்கு கூடும். கணக்கு 22-க்கு வந்துவிடுகிறது. மின்சாரக் கோளாறாக இருந்தால் 20 நிமிடத்திலேயே முடிந்திருக்கும். வேக விசை மௌனப்பட அளவில் நிற்கிறது. பலமுறை எழுதியாயிற்று, தேடிப் படிக்கத்தான் ஆளில்லை.

வால்வு வானொலி: எதற்கும் மின்னழுத்தத்தை ஒருமுறை அளந்துவிடுங்கள்.

ரீல்பெட்டி: விசை 18-இல்தான் இருந்தது. பெரியவன் கைவரிசை. நன்றி ஐயா.

மழைக்காகம்: வினிகர் வாடை?