ஒளிக் கடிகாரம்: மகளின் கேள்விக்கு யாராவது உதவுவீர்களா?

வணக்கம். வெள்ளவத்தையில் இருக்கிறோம். உயர்தரத்தில் பௌதிகவியல் படிக்கும் மகளுக்கு நேர நீட்சியை, அதாவது ஓடும் கடிகாரம் நிற்பவருக்கு மெதுவாகத் தெரிவதை, விளங்கப்படுத்தப் பார்க்கிறேன்.

கடற்கரைப் பாதையில் ஓடும் ரயிலுக்குள் ஒளிக் கடிகாரம் ஒன்று. கீழே ஒரு கண்ணாடி, மேலே ஒரு கண்ணாடி, நடுவே ஒளி ஏறி இறங்குகிறது. ரயில் ஒளியின் வேகத்தில் 0.6 மடங்கில் போகட்டும். மேடையில் நிற்பவருக்கு ஒளி சாய்வாகத்தான் போகும். கொப்பியில் முக்கோணம் கீறினோம்: ஒளி சாய்வாக 5 அலகு போவதற்குள் ரயில் 3 அலகு நகரும், உயரம் 4. ஒளியின் வேகம் இருவருக்கும் ஒன்றுதான். ஆக, மேடையில் 5 செக்கன் என்றால் ரயில் கடிகாரத்தில் 4 செக்கன். பைதகரஸ் மட்டுமே போதும்! மகளுக்கு அவ்வளவு சந்தோசம்.

அப்புறம் கேட்டாள்: “ரயிலில் இருப்பவருக்கு மேடைதானே ஓடுகிறது? அப்போ மேடைக் கடிகாரம்தான் மெதுவாகும். ரெண்டும் எப்படியப்பா சரியாகும்?”

‘ஒரே நேரம்’ என்பதே ஆளுக்காள் மாறும், விடை அங்கேதான் இருக்கிறது என்று எனக்குத் தெரியும். வெள்ளவத்தை மேடையில் ஒன்று, பம்பலப்பிட்டி மேடையில் ஒன்று என்று கடிகாரம் வைத்து அதைக் காட்டத்தான் தெரியவில்லை. 1971இல் விமானத்தில் அணுக் கடிகாரம் கொண்டுபோன சோதனையைச் சொன்னேன். அது புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்தது, இவள் கேள்வி வேறு.

இதே ரயிலை வைத்துப் படம் கீறி யாராவது விளக்கினால் பெரிய உதவி.