மறு: படிவத்தில் ‘குடும்பப்பெயர்’ – ‘வழிப்பெயர்’ என்று வைக்கலாமா?

அன்புள்ள குழுவினருக்கு வணக்கம்.

நூலகப் பட்டியல் மென்பொருளில் பெயர்க் கட்டங்களுக்கு என்ன சொல் வைப்பது என்ற இழையைத் தொடர்கிறேன். ‘முதற்பெயர்’, ‘கடைசிப்பெயர்’ இரண்டும் வேண்டாம் என்று எல்லோரும் ஒத்துக்கொண்டாயிற்று. நம் வழக்கத்தில் சொந்தப் பெயர்தான் கடைசியில் வருகிறது, ஆகவே அவை தலைகீழாகிவிடும். முதல் கட்டத்துக்கு ‘இயற்பெயர்’ என்பதிலும் மறுப்பில்லை. அதற்கு முன்னால் வரும் அப்பா முதலியோர் பெயரை எழுதும் இரண்டாவது கட்டத்தில்தான் நிற்கிறோம்.

> அப்பா பெயரும் ஒருவகையில் குடும்பத்தின் பெயர்தானே? ‘குடும்பப்பெயர்’ புழக்கத்தில் இருக்கும் சொல். அதையே போட்டுவிடலாம்.

தேவகோட்டை அண்ணன் எழுதிய இதை என்னால் ஏற்க முடியவில்லை. தலைமுறை மாறினாலும் மாறாமல் வருவதுதான் குடும்பப்பெயர். செட்டிநாட்டில் அப்படி நிற்கிற பெயர் எது? அருணாசலத்தின் மகன் சிதம்பரம் என்றால் அவர் ‘அரு. சிதம்பரம்’. அவருடைய மூத்த பையனுக்கு அய்யா (பாட்டன்) பெயரை வைப்பார்கள், அவன் ‘சித. அருணாசலம்’. அவனுக்கு ஒரு மகன் பிறந்தால் மறுபடியும் ‘அரு. சிதம்பரம்’. மூத்தவனுக்கு அப்பச்சியை (அப்பாவை) பெற்ற அய்யா பெயர், அடுத்தவனுக்கு ஆத்தாளை (அம்மாவை) பெற்ற அய்யா பெயர், பெண்பிள்ளைகளுக்கு அப்பத்தா பெயரும் ஆயா (அம்மாவின் அம்மா) பெயரும் என்று முறை வைத்துப் பெயரிடும் ஊர் இது. ‘பேரன்’ என்ற சொல்லே ‘பெயரன்’தான், பாட்டன் பெயரைத் தாங்குகிறவன். இந்த வீட்டில் ‘குடும்பப்பெயர்’ என்ற கட்டத்தை நிரப்பச் சொன்னால் அப்பாவுக்கு ஒன்று, மகனுக்கு வேறொன்று விழும். ஒரே வீட்டை இரண்டு குடும்பமாகப் பட்டியல் காட்டும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ‘குடும்பப்பெயர்’ என்று கேட்டால் எதை எழுதுவது என்று தெரியாமல் பலர் சாதிப் பட்டத்தை எழுதுகிறார்கள். 1929இல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களை விடச் சொல்லித் தீர்மானம் போட்டது. அதற்குப் பிறகு வந்த தலைமுறைகள் பெயரின் வாலை வெட்டிவிட்டன. வெட்டியதை ஒரு கட்டத்தின் தலைப்பு மறுபடி ஒட்டவைக்கக் கூடாது. இதில் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

குடும்பப்பெயர் இல்லாதது நம் குறை என்பதுபோலச் சில மடல்களில் தொனித்தது. நம் வட்டித்தொழில்காரர்கள் கடை வைத்திருந்த பர்மாவிலேயே குடும்பப்பெயர் கிடையாது. ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த ஊ தாண்ட் பெயரில் ‘ஊ’ மரியாதைச் சொல், ‘தாண்ட்’ ஒன்றுதான் பெயர். ஐஸ்லாந்தில் பெரும்பாலோர் அப்பா பெயரோடு மகன், மகள் என்ற சொல்லைச் சேர்த்துக்கொள்கிறார்கள். அங்கே அச்சிட்ட தொலைபேசிப் பட்டியலையே சொந்தப் பெயர் வரிசையில்தான் அடுக்கினார்கள்.

> அப்படியானால் ‘தலைப்பெழுத்து’ அல்லது ‘முன்னெழுத்து’ போதுமே. பெயருக்கு முன்னால் வரும் எழுத்தையும் தமிழில் எழுதச் சொல்லி 2021இல் அரசாணைகூட வந்திருக்கிறது.

இரண்டும் நல்ல சொற்கள், இருக்கட்டும். ஆனால் அவை எழுத்துக்குப் பெயர். அந்த எழுத்தை விரித்தால் வரும் முழுப்பெயருக்கு என்ன சொல்வது என்பதுதான் நம் கேள்வி. அப்புறம், தலைப்பெழுத்து என்றால் ஒரே ஓர் எழுத்து என்று நிரல் எழுதுகிறவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். எங்கள் பக்கம் அது செல்லாது. பழனியப்பன் ‘பழ.’, சுப்பிரமணியன் ‘சுப.’, மெய்யப்பன் ‘மெய்.’, வயிரவன் ‘வயி.’. இராயவரத்துக் குழந்தைக் கவிஞர் அழ. வள்ளியப்பாவின் ‘அழ.’ அவருடைய தந்தை அழகப்பச் செட்டியார். மேலைச்சிவபுரி வ.சுப. மாணிக்கனார் பெயரில் ‘சுப.’ என்பது தந்தை சுப்பிரமணியன். நெற்குப்பை சோமலெ தந்தை பெயரின் தலையையும் தன் பெயரின் தலையையும் ஒட்டி ஒரே புனைபெயராக்கிக்கொண்டார். ரோமன் எழுத்தில் எழுதும்போது இன்னும் குழப்பம். ‘ஏ.வி.எம்.’ என்பதில் ‘ஏ.வி.’ இரண்டு முன்னோர் என்று வெளியூர்க்காரர் நினைப்பார். அது ‘ஆவிச்சி’ என்ற ஒரே பெயர், மெய்யப்பச் செட்டியாரின் தந்தை. அப்படித்தான் ‘ஆர்.எம்.’ ராமநாதன், ‘பி.எல்.’ பழனியப்பன். புள்ளியை வைத்து ஆளை எண்ணும் மென்பொருள் இங்கே தவறிவிடும்.

ஏன் இரண்டெழுத்து? பெயர்கள் சில, அவையே திரும்பத் திரும்ப வருகின்றன. பழனிக்குக் காவடி எடுத்துப் பாதயாத்திரை போகும் ஊர்களில் பழனியப்பன் இல்லாத தெரு ஏது? வயிரவன்பட்டியால் வயிரவன், பிள்ளையார்பட்டியால் கற்பகம், குன்றக்குடியால் சண்முகநாதன், காவல் தெய்வம் கருப்பரால் பெரியகருப்பன், பழைய சாத்தனிலிருந்து சாத்தப்பன். ‘ப.’ என்று மட்டும் போட்டால் பழனியப்பனா பஞ்சநாதனா என்று யாருக்குத் தெரியும்?

கோட்டையூர் ஆச்சி முன்மொழிந்த ‘விலாசம்’ பற்றி. இது எனக்கு மிகவும் பிடித்த சொல். முகவரி என்ற பொருளில் எல்லோருக்கும் தெரியும். செட்டிநாட்டு வணிகர்களான நகரத்தார் கணக்கில் அது வேறு: முன்னோர் பெயர்களின் தலைப்பெழுத்துகளைக் கோத்த அடையாளம். ரங்கூனிலும் பினாங்கிலும் கடையை அறிந்தது விலாசத்தால்தான். உண்டியலில் (பணம் கொடுக்கச் சொல்லும் வணிகச் சீட்டில்) எழுதியதும் அதுவே. கோட்டையூர் அழகப்பச் செட்டியாரின் விலாசம் கே.வி.ஏ.எல்.ஆர்.எம். ஊரில் வீட்டைக் கேட்டாலும் கதவிலக்கம் சொல்லமாட்டார்கள், இன்ன விலாசத்து வீடு என்பார்கள். இன்றைய செயலிகளில் ‘முகவரி’ நிலைத்துவிட்டதால், ‘விலாசம்’ என்பதை இந்தப் பொருளுக்கு விடுவித்துக்கொள்ளலாம் என்ற ஆச்சியின் வாதம் சரியே. கலைச்சொல் பட்டியலில் ‘முன்னோர் எழுத்துத் தொடர்’ என்ற விளக்கத்தோடு அதைச் சேர்க்க என் முழு ஆதரவு உண்டு. ஆனால் பொதுப் படிவத்துக்கு அது ஆகாது. செட்டிநாடு என்றால் நகரத்தார் மட்டும் இல்லை. வல்லம்பர் உண்டு, இன்னும் பலர் உண்டு. கடல் கடந்து கடை வைக்காதவர்களுக்கு விலாசம் கிடையாது, அப்பா பெயர் மட்டும் உண்டு. எல்லோருக்கும் பொருந்துவதுதான் கட்டத்தின் தலைப்பாக வேண்டும்.

ஆகவே என் முன்மொழிவு ‘வழிப்பெயர்’. யார் வழியில் வந்தோமோ அவர் பெயர். சுருக்கி எழுதும்போது ‘வழியெழுத்து’. கால்வழி, தாய்வழி, வழித்தோன்றல் என்று வழி ஏற்கெனவே இந்தப் பொருளில் நிற்கிறது.

> சாலையின் பெயர் என்று நினைத்துவிட மாட்டார்களா?

தாய்வழி என்றால் யாரும் சாலையை நினைப்பதில்லை. பெயர்ப் படிவத்தில், இயற்பெயருக்கு அடுத்த கட்டத்தில் பார்க்கும்போது அந்த ஐயம் வராது.

‘தந்தைபெயர்’ என்றே வைக்கலாமே என்று இரண்டு பேர் கேட்டிருந்தீர்கள். எளிமைதான். தொல்காப்பியமே இயற்பெயரோடு ‘தந்தை’ சேரும் புணர்ச்சிக்கு விதி சொல்கிறது. ஆதனும் தந்தையும் சேர்ந்து ‘ஆந்தை’, பூதனும் தந்தையும் சேர்ந்து ‘பூந்தை’. மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார் என்பதில் ஊர், தந்தை, சொந்தப் பெயர் மூன்றும் நம் வரிசையிலேயே நிற்கின்றன. ஆனாலும் தயங்குகிறேன். தாய் பெயரை முன்னெழுத்தாக வைத்துக்கொள்கிறவர்கள் இன்று உண்டு. எங்கள் ஊர்களில் பிள்ளை கூட்டுவது (தத்தெடுப்பது) நெடுநாள் வழக்கம். கூட்டிக்கொண்ட வீட்டார் பெயரே பிள்ளைக்கு முன்னால் வரும். சிறுகூடல்பட்டி முத்தையா இன்னொரு வீட்டுக்குப் பிள்ளையாகப் போய் நாராயணன் ஆனார், பிறகு தானே கண்ணதாசன் ஆனார். பெற்றவர், வளர்த்தவர், தாய், தந்தை யாரானாலும் ‘வழிப்பெயர்’ தாங்கும். ‘தந்தைபெயர்’ அதில் ஒரு வகையாக உள்ளே அடங்கட்டும்.

ஒரு முடிச்சு மிச்சம் இருக்கிறது. ‘மெய். வள்ளியம்மை’ கல்யாணத்துக்குப் பிறகு ‘அரு. வள்ளியம்மை’ ஆகிறார். கணவர் பெயர் வழிப்பெயர் ஆகாது, ஏனென்றால் அவர் வழியில் இவர் பிறக்கவில்லை. இதையும் சேர்த்துக்கொள்ளத்தான் ஒருவர் ‘சார்புப்பெயர்’ என்றார். ஒரு பெண்ணை யாரையோ சார்ந்தவளாகக் காட்டும் சொல்லை அவள் பெயர் மேலேயே எழுத எனக்கு மனம் வரவில்லை. கணவர் பெயருக்குத் தனிக் கட்டம், விரும்பினால் நிரப்பலாம் என்று வைப்பதே சரி என்று படுகிறது. ஆனால் பழைய புத்தகங்களில் கணவர் எழுத்தோடே அச்சான பெண் எழுத்தாளர்களை எந்தக் கட்டத்தில் ஏற்றுவது? நூலகத்தில் வேலை பார்ப்பவர்கள், குறிப்பாகக் கோட்டையூர் ஆச்சி, இதற்கு ஒரு வழி சொன்னால் பதிவை முடித்து அனுப்பிவிடலாம்.

அன்புடன்,
காரைக்குடியிலிருந்து