சென்னையில் என் பேர் ‘4பி’. ஊருக்கே வந்துவிடலாமா?

கானாடுகாத்தான்காரன்:
வயது 38, கல்யாணம் ஆகவில்லை. சென்னையில் 9 வருடமாக ஒரே ஃபிளாட். போன மாதம் காய்ச்சலில் நாலு நாள் படுத்துக் கிடந்தேன். என் முகத்தைப் பார்த்தது இட்லி கொண்டுவந்த பையன் மட்டும்தான். அவனும் ஓடிபி கேட்டுக்கொண்டு ஓடிவிட்டான். ஐந்தாம் நாள் எதிர்வீட்டுக்காரர் மணி அடித்தார். விசாரிக்க வந்தாராக்கும் என்று எழுந்து போனால், “4பி, உங்க பைக் என் இடத்துல நிக்குது.” சரி, எனக்கும் அவர் 4ஏதான்.

எங்கள் செட்டிநாட்டுப் பக்கம் காரைக்குடி பஸ்ஸில் என்றால் பக்கத்து சீட் ஆச்சி டிக்கெட் எடுப்பதற்குள், “எந்த ஊரு, எந்தக் கோயிலு, யாரு வீடு” என்று ஆளைப் பிடித்துவிடுவார். எங்கள் நகரத்தாரில் ஒரே குலக்கோயில்காரர்கள் பங்காளிகள். மாத்தூர் கோயில் என்று நான் சொல்லி, அவரும் அதே கோயில் என்றால் போதும், பங்காளியாகிவிடுவார். ஆபீசில் வீட்டிலிருந்தே வேலை பார்க்கச் சொல்கிறார்கள். வந்துவிடலாமா?

தேவகோட்டை ரஸ்தா:
தம்பி, பொங்கலுக்கு வந்து பார்த்த ஊரை வைத்து முடிவு பண்ணாதீர்கள். ஒரு புதன்கிழமை மத்தியானம் உங்கள் தெருவில் நடந்து பாருங்கள். எங்கள் வீட்டில் 11 பங்காளிகள். வளவு என்கிற நடுமுற்றத்தைச் சுற்றி ஆளுக்கோர் அறை, ஆளுக்கொரு பூட்டு. சாவியெல்லாம் சிங்கப்பூரிலும் கோயம்புத்தூரிலும். குடியிருப்பது நான் ஒருவன். வாசல் முகப்பில் கூப்பிட்டால் பின்னால் இரண்டாங்கட்டில் கேட்காது. போன வருடம் அடுப்படியில் வழுக்கி விழுந்து, பால்காரர் வரும்வரை கிடந்தேன். அவர் பேர் சொல்லித்தான் கூப்பிட்டார், அது வாஸ்தவம்.

பேர் வேண்டாம்:
அண்ணே, அந்த ஆச்சி மூன்று கேள்வியோடு விடமாட்டார். நாலாவது, “மாப்பிள்ளை எங்க இருக்காரு?” விவாகரத்துக்கு அப்புறம் அதற்குப் பதில் சொல்லி மாளாமல்தான் சென்னைக்கு வந்தேன். கோயில் வரிக் கணக்கில் புருஷன் பெண்டாட்டி சேர்ந்து ஒரு புள்ளி, துணையை இழந்தவருக்கு அரைப்புள்ளி. கல்யாணம் ஆகாத உங்களுக்கு அப்பச்சி, அதாவது அப்பா, புள்ளிக்குள்தான் இடம். எனக்கு? 4பி என்பது முழு நம்பர், அதை லேசாக நினைக்காதீர்கள்.

கானாடுகாத்தான்காரன்:
தங்கச்சி, புள்ளியை நான் யோசிக்கவே இல்லை. ஆத்தாவிடம் கேட்டேன். “வா. கேக்குறவங்களுக்கு என்ன சொல்லணும்னு சொல்லிட்டு வா” என்கிறார். அண்ணன் சொன்ன புதன்கிழமைக்காகப் பல்லவன் ரயிலில் டிக்கெட் போட்டிருக்கிறேன்.

அப்புறம், ஆத்தா அனுப்பிய மாவுருண்டையில் கொஞ்சம் எடுத்துக்கொண்டு நேற்று 4ஏ கதவைத் தட்டினேன். சங்கிலியை எடுக்காமலே, “பைக்கைத்தான் நகர்த்திட்டீங்களே?” டப்பாவை நீட்டினேன். திறந்து மோந்து பார்த்துவிட்டு, “உங்களுக்கு எந்த ஊரு?” என்றார். கோயில் வரைக்கும் போகவில்லை.