வில்லிக்கு மட்டும் ஏன் இவ்வளவு அலங்காரம்?

திண்ணைவாசி:
நேற்று ராத்திரி தூக்கம் வராமல் யூடியூபில் பழைய 'கசௌட்டி ஜிந்தகி கே' காட்சிகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். 2001இல் ஸ்டார் பிளஸில் தொடங்கிய இந்தி சீரியல், ஏக்தா கபூர் தயாரிப்பு. கதாநாயகி பிரேர்ணா எதற்கெல்லாம் அழுதாள் என்று கேட்டால் சொல்லத் தெரியாது, ஆனால் வில்லி கொமோலிகா நுழையும்போது வரும் அந்த "நிகா..." இசை இன்னும் காதில் நிற்கிறது. நெளிந்து ஏறும் பொட்டு, முதுகு தெரியும் ரவிக்கை, ஓரக்கண் பார்வை. நடுராத்திரியிலும் முழு மேக்கப். வில்லிக்கு மட்டும் ஏன் இப்படி?

அடுப்படி ராணி:
பாதிப் பேர் வெங்காயம் நறுக்கிக்கொண்டே பார்க்கிறவர்கள். நிமிர்ந்து பார்த்த ஒரு நொடியில் ஆள் யாரென்று தெரிய வேண்டாமா? அதற்குத்தான் பொட்டும் இசையும். அப்புறம், ஒரே முகத்தை மூன்று கோணத்தில் மூன்று தடவை காட்டினால் அந்த முகத்தில் பார்க்க ஏதாவது இருக்க வேண்டுமே! 'கஹீன் கிசி ரோஸ்' சீரியல் வில்லி ரமோலா சிகந்தை நினைத்துப் பாருங்கள், அந்த வேடத்தில் வந்த சுதா சந்திரனின் பொட்டுக்காகவே எங்கள் வீட்டில் டிவி ஓடியது.

கோபக்காரி:
அது சரி, ஆனால் எனக்கு எரிச்சல் வேறு இடத்தில். நல்லவள் என்றால் தலைப்பை இழுத்துப் போர்த்திய புடவை, கெட்டவள் என்றால் கையில்லாத ரவிக்கை, உதட்டுச் சாயம். கண்ணாடி முன்னால் பத்து நிமிஷம் நின்றாலே குடும்பத்தைக் கெடுக்க வந்தவள் என்று வருஷக்கணக்கில் பாடம் நடத்திவிட்டார்கள். 2018இல் அதே சீரியலை மறுபடி எடுத்தபோது கொமோலிகாவாக வந்தவர் ஹினா கான், அதற்கு முன்னால் பல வருஷம் வேறொரு சீரியலில் அக்ஷரா என்ற அடக்கமான மருமகளாக நடித்தவர். அதே பெண்தான், உடையும் நகையும் மாறியதும் கெட்டவளாகிவிட்டாள்.

அடுப்படி ராணி:
பாடம் நடத்தினார்கள்தான், யார் கேட்டார்கள்? எங்கள் அக்கா கொமோலிகாவைத் திட்டிக்கொண்டே அவள் ரவிக்கையைத்தான் தையல்காரரிடம் வரைந்து காட்டினாள். பிரேர்ணா மாதிரி ஒன்று தைத்துக் கொடுங்கள் என்று யாரும் போனதாக நினைவில்லை.

திண்ணைவாசி:
சதி செய்வது, சொத்தை மாற்றி எழுதுவது, பார்ட்டிக்குப் போவது என்று வேலையெல்லாம் வில்லிக்குத்தான், கதாநாயகிக்குப் பூஜையறையும் அழுகையும்தான். நடிக்கக் கூப்பிட்டால் நானும் வில்லியைத்தான் கேட்பேன். கோபக்காரி, நீங்கள்?

கோபக்காரி:
வில்லிதான். பொட்டு மட்டும் சின்னதாக.