அப்பா படுத்த படுக்கை, வியாழக்கிழமை வாய்தா: கோர்ட்டில் என்ன சொல்வது?

உசிலை மகன்:
அவசரம். பெரியப்பா மகன் போட்ட பாகப்பிரிவினை வழக்கு உசிலம்பட்டி கோர்ட்டில் நடக்கிறது. அப்பாதான் முதல் பிரதிவாதி, வயது 71. போன வாரம் கிணற்றடியில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துவிட்டது. மதுரையில் ஆபரேஷன் முடிந்து படுத்திருக்கிறார். வக்கீலுக்குப் போன் போட்டால் "பார்த்துக்கலாம்" என்கிறார், அவ்வளவுதான். அப்பாவோ, "என்னைக் காரில் படுக்கப் போட்டாவது கூட்டிப் போ, இல்லாவிட்டால் நான் வரவில்லை என்று எக்ஸ்பார்ட்டி (ஒருதலைப்பட்சம்) ஆக்கிவிடுவார்கள்" என்று ஒரே பிடிவாதம். அவருக்குப் பதில் நான் போய் நின்றால் ஆகாதா?

மேலூர்க்காரன்:
317 மனு போடச் சொல்லுங்கள். என் மச்சான் கேஸில் மாதாமாதம் அதுதான்.

பழைய குமாஸ்தா:
மச்சான் கேஸ் கிரிமினல் கேஸாக இருக்கும் தம்பி. குற்றம் சாட்டப்பட்டவர் அன்று வராமலிருக்க அனுமதி கேட்கும் 317 அங்கேதான். (புதுச் சட்டத்தில் அது 355 ஆகிவிட்டது.) சிவிலில் வக்காலத்து போட்ட வக்கீல் நின்றாலே கட்சிக்காரர் ஆஜரான கணக்குதான். சிவில் நடைமுறைச் சட்டம், கட்டளை 3, விதி 1. நீதிபதி நேரில் வரச் சொல்லி உத்தரவு போட்டிருந்தால்தான் சிக்கல். இது தெரியாமல் எத்தனை பேர் ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வராண்டாவில் காத்துக் கிடக்கிறார்கள்!

சரி, வியாழக்கிழமை எதற்காகப் போட்டிருக்கிறது? இ-கோர்ட்ஸ் ஆப்பில் சி.என்.ஆர். நம்பரை (வழக்கின் அடையாள எண்) தட்டிப் பாருங்கள். எழுத்தும் எண்ணுமாக 16 இருக்கும்.

உசிலை மகன்:
பார்த்தேன் ஐயா. டி.டபிள்யூ.1 (பிரதிவாதி தரப்பு முதல் சாட்சி, அதாவது அப்பா) குறுக்கு விசாரணை. அப்பாவின் ப்ரூஃப் அஃபிடவிட் (எழுத்து மூலமான முதல் விசாரணை சாட்சியம்) போன மாதமே தாக்கல் ஆகிவிட்டது.

பழைய குமாஸ்தா:
அப்படியா, அப்போது கதை வேறு. கூண்டில் ஏறிப் பதில் சொல்ல வேண்டியது அவர்தான், வக்கீல் அங்கே ஏற முடியாது. பவர் வாங்கிக்கொண்டு நீங்கள் ஏறலாம் என்றும் யாராவது சொல்வார்கள். அப்பாவுக்கு மட்டுமே தெரிந்த விஷயத்துக்குப் பவர் ஏஜென்ட் சாட்சி சொல்ல முடியாது என்று ஜான்கி வாஷ்தேவ் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது.

வியாழக்கிழமைக்கு வாய்தா மனு (விசாரணையைத் தள்ளி வைக்கக் கேட்பது) போதும். மனுவோடு அப்பாவின் பிரமாணப் பத்திரம், டிஸ்சார்ஜ் சம்மரி, டாக்டர் சான்றிதழ் வேண்டும். 'உடல்நிலை சரியில்லை' என்று மொட்டையாக எழுத விடாதீர்கள். எந்தத் தேதியில் விழுந்தார், என்று ஆபரேஷன், எத்தனை வாரம் உட்காரக் கூடாது என்பதெல்லாம் அதில் இருக்கட்டும். மனுவின் நகலைப் புதன்கிழமையே எதிர்த்தரப்பு வக்கீலிடம் கொடுத்துவிட்டால், காலையில் கூப்பிடும்போது பெரிய எதிர்ப்பு வராது. ஒரு கட்சிக்கு மூன்று வாய்தாதான் என்று கட்டளை 17 சொல்வதையும் நினைவில் வையுங்கள்.

மேலூர்க்காரன்:
மனுவே போடாமல் விட்டால்?

பழைய குமாஸ்தா:
சாட்சியத்தை முடித்துவிடுவார்கள். அப்புறம் முடித்த சாட்சியத்தைத் திரும்பத் திறக்க ரீஓப்பன், சாட்சியைத் திரும்ப அழைக்க ரீகால் என்று இரண்டு மனு, அதற்குத் தனியாக ஒரு அலைச்சல். எக்ஸ்பார்ட்டி டிக்ரியே ஆகிவிட்டால், ரத்து செய்யச் சொல்லிக் கட்டளை 9, விதி 13-ல் மனு போட 30 நாள்தான் கெடு. அதைத் தாண்டினால் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி இன்னொரு மனு, நாள் நாளாகக் காரணம் கேட்பார்கள்.

உசிலை மகன்:
ஆறு வாரத்துக்கு எழுந்து உட்காரவே கூடாது என்கிறார் டாக்டர். அதற்குள் திரும்ப வாய்தா வருமே?

பழைய குமாஸ்தா:
அதற்குத்தான் கட்டளை 26. நோயாளியால் கோர்ட்டுக்கு வர முடியாவிட்டால் அட்வகேட் கமிஷனர் வீட்டுக்கே வந்து சாட்சியத்தைப் பதிவு செய்வார். எதிர்த்தரப்பு வக்கீல் அங்கேயே குறுக்கு விசாரணை செய்யலாம். வாய்தா மனுவோடு இதையும் சேர்த்துப் போடச் சொல்லுங்கள், வக்கீல் தட்டிக்கழித்தால் அவர் குமாஸ்தாவைப் பிடியுங்கள். கமிஷனர் கட்டணத்தை மனு போட்டவர்தான் கட்ட வேண்டியிருக்கும்.

உசிலை மகன் (வெள்ளிக்கிழமை):
இரண்டு மனுவும் போட்டாயிற்று. நேற்று வாய்தா கிடைத்தது, எதிர்த்தரப்புக்கு 500 ரூபாய் செலவுத்தொகை கட்டச் சொன்னார்கள். கமிஷனர் மனு, எதிர்த்தரப்பின் எதிருரைக்காக (பதில் மனு) நிற்கிறது. ஐயாவுக்கு ரொம்ப நன்றி. அப்பா இப்போது, வருகிற கமிஷனரை எந்தக் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார வைப்பது என்று அம்மாவிடம் கேட்டுக்கொண்டிருக்கிறார்.