புதுப்பிப்பு: 'கேட்ச் எ ஃபயர்' லைட்டர் உறை

பாப் மார்லி பாடிய ஜமைக்கா ரெக்கே குழு வெய்லர்ஸின் 1973 ஆல்பம் 'கேட்ச் எ ஃபயர்' இசைத்தட்டு, லைட்டர் உறையோடு ஒருவரிடம் விலைக்கு இருக்கிறது, வாங்கலாமா என்று முன்பு கேட்டிருந்தேன். "முதலில் கீலைப் பார்" (உறை திறந்து மூடும் மடிப்பை) என்றீர்கள். பார்த்தேன். வாங்கவில்லை.

தெரியாதவர்களுக்கு: உறையே ஸிப்போ லைட்டர் போல இருக்கும். மேல்பாதியைத் தூக்கினால் உள்ளே அட்டையில் வெட்டிய தீச்சுடர். கையால் ரிவெட் அடிக்க வேண்டிய வேலை. கட்டுப்படியாகாமல் சுமார் 20,000 பிரதிகளோடு ஐலண்ட் இசைத்தட்டு நிறுவனம் கைவிட்டது. எஸ்தர் ஆண்டர்சன் எடுத்த, பாப் மார்லி கஞ்சா புகைக்கும் படம் அதற்குப் பிறகு வந்த உறை.

20,000 ஒன்றும் அபூர்வ எண்ணிக்கை இல்லை. ஆனால் கையில் கிடைத்தவர்கள் எல்லாம் திறந்து மூடி விளையாடியிருக்கிறார்கள் (நானும் அதைத்தான் செய்திருப்பேன்). மடிப்பு நையாத பிரதிதான் அபூர்வம். நான் பார்த்ததில் கீல் நெடுக டேப். விலை மட்டும் புத்தம்புதுசுக்குச் சொல்வது.

இசைக்காக என்றால் 2001 டீலக்ஸ் பதிப்பே போதும். கிங்ஸ்டனில் பதிவான டேப்புகளில், ராக் ரசிகர்களை மனதில் வைத்து லண்டனில் ஐலண்ட் நிறுவனர் கிறிஸ் பிளாக்வெல், வேய்ன் பெர்கின்ஸின் கிட்டாரையும் ஜான் பண்ட்ரிக்கின் கீபோர்டையும் சேர்த்தார். அவை சேராத ஜமைக்கா வடிவமும் டீலக்ஸ் பதிப்பில் இருக்கிறது. எனக்கு அதுதான் பிடிக்கிறது; 'கான்க்ரீட் ஜங்கிள்' பாட்டில் பெர்கின்ஸின் கிட்டார் சோலோ அதில் இல்லாதது மட்டும்தான் குறை.

விற்பவர் இறங்கிவந்தால் மறுபடி எழுதுகிறேன்.